கீழவாசலின் இரண்டு மதில்கள்

மதுரையில் வீடு தேடி அலைந்தவர்கள் எத்தனையோ பேர். நானும் ஒரு சமயம் அலைந்தேன். ஆனால் நான் தேடிய வீட்டுக்கு வாடகை கிடையாது, முன்பணமும் கிடையாது. அதில் குடியிருந்தவர் காலமாகி 360 வருஷங்களுக்கு மேல் ஆகிவிட்டன. இத்தாலி தேசத்துப் பிரபு குடும்பம் ஒன்றில் பிறந்து, மதுரைக்கு வந்து, காவி உடுத்திச் சந்நியாசியாக வாழ்ந்து, தத்துவ போதகர் என்று பெயர் பெற்ற ராபர்ட் தெ நொபிலி என்ற பாதிரியார்தான் அவர்.

சரித்திர நாவல் எழுத ஆசை கொண்டவனுக்கு அவரைப் போன்ற கதாநாயகன் எளிதில் அகப்படமாட்டான். பிரபு வம்சம், துறவு, நாயக்கர் தலைநகரம், வாதப் போர், சிறைவாசம், சொந்தச் சபையினரின் எதிர்ப்பு - ஒரு நாவலுக்கு வேண்டியது எல்லாமே அவர் வாழ்க்கையில் இருக்கிறது. அவர் குடியிருந்த இடத்தை ஒரு முறை பார்த்துவிட்டால் முதல் அத்தியாயத்தைத் தொடங்கிவிடலாம் என்று எண்ணினேன். கத்தோலிக்கர்களின் பெரிய கோயில் இருக்கும் பேட்டையில் விசாரித்தால் தெரியாமலா போகும் என்று ஒரு நாள் மாலை கீழவாசலுக்குப் புறப்பட்டேன்.

விளக்குத்தூணைத் தாண்டிக் கிழக்கே நடந்தால், ஜவுளிக் கடைகளின் சந்தடி கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து, கீழ வெளி வீதியில் இரட்டைக் கோபுரங்கள் தென்படுகின்றன. அதுதான் வியாகுல மாதாவின் பெயரால் விளங்கும் மரியன்னை பேராலயம். திருமலை நாயக்கர் மகால் அங்கிருந்து கூப்பிடு தூரம். கோயில் வாசலில் மெழுகுவத்திக் கடைக்குப் பக்கத்தில் ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். நான் அண்ணாந்து பார்ப்பதும், தெருவை அளப்பதுமாக நிற்பதைக் கண்டு, அவரே பேச்சுக் கொடுத்தார்.

"என்ன தம்பி தேடுறீங்க?"

சொன்னேன். பெரியவர் சிரித்தார்.

"அவரு வீட்டை இங்கே வந்து தேடினா எப்படிக் கிடைக்கும்? அவரு காலத்துலே இந்தத் தெருவே கிடையாதே! நீங்க நிக்கிற இடம் அகழி. தண்ணியும் முதலையும் கிடந்த இடம்னு எங்க பாட்டி சொல்லும்."

முதலை இருந்ததோ இல்லையோ, அகழி இருந்தது உண்மை. வெளி வீதி என்ற பெயரை நாம் தினமும் சொல்லுகிறோம். அதன் பொருளை நினைப்பதில்லை. ஆடி வீதி, சித்திரை வீதி, ஆவணி மூல வீதி, மாசி வீதி என்று தாமரை இதழ் அடுக்கினாற் போல மீனாட்சியம்மன் கோயிலைச் சுற்றி வந்த நகரம் ஒரு மதிலோடு முடிந்துவிட்டது. 16ஆம் நூற்றாண்டில் விசுவநாத நாயக்கர் கட்டிய கோட்டை அது. அதில் 72 கொத்தளங்கள். கொத்தளத்துக்கு ஒரு பாளையக்காரர் காவல் என்பது வழிவழியாக வரும் செய்தி. கிழக்கே போக ஒரு வாசல் இருந்தது. வாசல் போய்விட்டது, கீழவாசல் என்ற பெயர் மட்டும் நிற்கிறது.

அந்த மதிலுக்கு உள்ளே நடந்த கதையைத்தான் நான் சொல்ல வேண்டும்.

நொபிலி மதுரைக்கு வந்த முதல் பாதிரியார் அல்லர். அவருக்கு முன்பே, 1595ஆம் ஆண்டு வாக்கில், கொன்சாலோ பெர்னாண்டஸ் என்ற போர்த்துக்கீசியப் பாதிரியார் இங்கே வந்துவிட்டார். இளமையில் படைவீரராக இருந்து, பிறகு இயேசு சபையில் சேர்ந்தவர். முத்துக்குளித்துறைப் பரதவர்கள் 1530களிலேயே போர்த்துக்கீசியரின் பாதுகாப்பை நாடி ஞானஸ்நானம் பெற்றிருந்தார்கள். அவர்களில் பலர் வியாபாரத்துக்காக மதுரைக்கு வந்து போனார்கள். அவர்களுக்காக நாயக்கரின் அனுமதியோடு ஒரு சிறு கோயில் எழுந்தது. பக்கத்திலேயே ஒரு பள்ளிக்கூடம். நோயாளிகளுக்கு மருந்து கொடுக்க ஓர் இடம். மதுரை நகரத்தின் முதல் கத்தோலிக்கப் பேட்டை இவ்வளவுதான்.

பெர்னாண்டஸ் கெட்டிக்காரர் அல்லர், நல்லவர். பதினோரு வருஷம் உழைத்தார். பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தார். காய்ச்சல்காரர்களுக்கு மருந்து கொடுத்தார். ஊர் அவரை மதித்தது. ஆனால் ஊரில் ஒருவர்கூட அவருடைய வேதத்தில் சேரவில்லை.

காரணம் ஒரே ஒரு சொல்: பறங்கி.

மதுரைக்காரர்களின் அகராதியில் பறங்கி என்றால் போர்த்துக்கீசியன், மாட்டு மாமிசம் தின்பவன், குடிப்பவன், ஆசாரம் அறியாதவன். பெர்னாண்டஸோ அந்தச் சொல்லை வசைச்சொல் என்று உணரவே இல்லை. கிறிஸ்துவ வேதத்துக்கு அதுதான் தமிழ்ப் பெயர் என்று நினைத்துவிட்டார். "பறங்கிக் குலத்தில் சேர விரும்புகிறாயா?" என்பது ஞானஸ்நானத்துக்கு வருகிறவனிடம் கேட்கும் கேள்வி! எவன் ஆம் என்று சொல்வான்?

இந்த நிலைமையில், 1606ஆம் ஆண்டு நவம்பர் 15ந் தேதி, இருபத்தொன்பது வயது வாலிபராக நொபிலி மதுரைக்குள் நுழைந்தார். வந்த சில மாதங்களிலேயே அந்தச் சொல்லின் விஷம் அவருக்குப் புரிந்துவிட்டது. தமிழைக் கற்றார். பிறகு தெலுங்கு. பிறகு சிவதர்மர் என்ற பிராமணப் பண்டிதரின் துணையால் வடமொழி. வடமொழியை முறையாகக் கற்ற முதல் ஐரோப்பியர்களில் அவர் ஒருவர். மதுரையில் 10,000க்கும் மேற்பட்ட மாணவர்கள் சாஸ்திரம் பயின்றுகொண்டிருந்ததாக 1610ஆம் ஆண்டில் எழுதிய கடிதம் ஒன்றில் அவர் வியந்து குறிப்பிடுகிறார். அப்பேர்ப்பட்ட ஊரில் அறிவாளிகளோடு பேச வேண்டுமானால் அவர்களில் ஒருவராகத்தான் பேச வேண்டும் என்று தீர்மானித்தார்.

கறுப்பு அங்கியைக் களைந்தார். காவி உடுத்தார், பாதக்குறடு அணிந்தார். பிராமணச் சமையற்காரர் வைத்துக்கொண்டு ஒரு வேளை மரக்கறிச் சோறு உண்டார். தாம் பறங்கி அல்ல, ரோமாபுரி ராஜ குலத்தவர், உலகைத் துறந்த சந்நியாசி என்று ஓலையில் எழுதி வாசலில் ஒட்டினார். பெர்னாண்டஸின் வீட்டை விட்டு உயர்ஜாதியார் வாழும் பகுதிக்குக் குடி போனார்.

பாஷையையும் அவர் விட்டுவைக்கவில்லை. அதுவரை கடற்கரைக் கிறிஸ்துவர்களின் வாயில் போர்த்துக்கீசியச் சொற்களே தமிழ் வேஷம் போட்டுக்கொண்டு உலாவின. பலிபூசைக்கு அவர்கள் வழங்கிய 'மீசா' என்ற சொல் மதுரைக்காரன் காதில் 'மீசை' என்று விழுந்தால் அது யார் குற்றம்? நொபிலி வந்த பிறகு கோயில், குரு, வேதம், பூசை, அருள் என்ற சொற்கள் கிறிஸ்துவர் நாவில் ஏறின. கடவுளைச் சர்வேசுரன் என்று அழைத்தார். இருபதாம் நூற்றாண்டு வரை தமிழ்க் கத்தோலிக்கர்கள் அந்தப் பெயரைச் சொல்லித்தான் ஜெபித்தார்கள். பாட்டே இலக்கியம் என்று இருந்த காலத்தில் ஞானோபதேசம் முதலிய நூல்களை உரைநடையில் எழுதினார். வசனம் எழுதிப் பிழைக்கிற என்னைப் போன்றவர்கள் அவருக்கு ஒரு கும்பிடு போடத்தான் வேண்டும்.

ஏறக்குறைய அதே காலத்தில் மத்தேயு ரிச்சி என்ற மற்றோர் இத்தாலியர், பீக்கிங் நகரில் சீன அறிஞர்களின் பட்டு அங்கி தரித்து, அவர்கள் பாஷையில் நூல் எழுதிக்கொண்டிருந்தார். அவர் 1610ல் மறைந்தார். ஊருக்குத் தக்கபடி உடை என்ற யோசனை இரண்டு பேருக்கும் ஒன்றுதான். ஆனால் சீனத்தில் அறிஞன் உடை உடுத்தால் அறிஞனோடு சேரலாம். மதுரையில் பிராமண சந்நியாசியின் உடை உடுத்தால், சிலரோடு சேரலாம். வேறு சிலரோடு சேரவே கூடாது.

இங்கேதான் என் நாவல் தடுக்கி விழுந்தது.

கதாநாயகனை நான் தேர்ந்தெடுத்துவிட்டேன். ஆனால் இரண்டாவது மனிதர் என் மேஜைக்கு எதிரே வந்து உட்கார்ந்துகொண்டு எழுந்திருக்க மறுத்தார். கொன்சாலோ பெர்னாண்டஸைத்தான் சொல்லுகிறேன். ஒரே ஊர், ஒரே சபை, ஒரே வேதம். பதினோரு வருஷம் தனியாகக் காத்துக் கிடந்தவருக்கு ஒரு துணை வந்து சேர்ந்தது. அந்தத் துணை, "நான் உம்மைச் சேர்ந்தவன் அல்ல" என்று ஊர் அறிய ஓலை எழுதி ஒட்டிவிட்டது. கிழவருடைய பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்த உபாத்தியாயரே புதிய குருவின் முதல் சீடர்களில் ஒருவரானார். புதிய குருவின் கோயிலுக்குள் பரதவர்கள் வரக்கூடாது. அவர்களுக்குத் தனிக் கோயில், தனிக் குரு.

ஒரு மாலைப் பொழுதை நான் கற்பனை செய்து பார்க்கிறேன். மருந்துப் பெட்டியை மூடிவிட்டுக் கிழவர் வாசலில் உட்கார்ந்திருக்கிறார். பரதவ வியாபாரி ஒருவன் வந்து கேட்கிறான்: "சாமி, அந்தக் காவிச் சாமியும் நம்ம வேதம்தானே? நம்மை ஏன் உள்ளே விடமாட்டேன் என்கிறார்?" கிழவர் என்ன பதில் சொல்லியிருப்பார்? இந்தக் கேள்விக்குப் பதில் எழுதத் தெரியாமல்தான் என் நாவல் நின்று போயிற்று.

பெர்னாண்டஸ் மேலிடத்துக்குப் புகார் எழுதினார். அதைப் பொறாமை என்று சொன்னவர்கள் உண்டு. நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் வெறும் பொறாமைக்காரர் பிராமணர்களின் சடங்குகளை ஒவ்வொன்றாக விசாரித்து 1616ல் ஒரு பெரிய நூலே எழுதி வைப்பாரா? குடுமியும் பூணூலும் சந்தனமும் மதச் சின்னங்கள் என்பது அவர் கட்சி. அவை குலத்தையும் அந்தஸ்தையும் காட்டும் லௌகிக அடையாளங்களே என்பது நொபிலியின் கட்சி. வழக்கு 1619ல் கோவாவில் நடந்த மாநாட்டுக்குப் போயிற்று. அங்கிருந்து ரோமாபுரிக்குப் போயிற்று. கடைசியில் 1623ஆம் ஆண்டு ஜனவரி 31ந் தேதி போப்பாண்டவர் பதினைந்தாம் கிரகோரியார் நொபிலியின் பக்கம் தீர்ப்புக் கூறினார். குடுமிக்கும் பூணூலுக்கும் சந்தனத்துக்கும், உரிய கட்டுப்பாடுகளோடு, அனுமதி கிடைத்தது.

அந்தத் தீர்ப்பில் இன்னொரு வாசகமும் இருக்கிறது. உயர்குலத்தில் பிறந்தோம் என்று பெருமை கொள்பவர்கள் தாழ்ந்த குலத்தாரை இகழக்கூடாது, முக்கியமாகக் கோயிலில் தனித்தனியே பிரிந்து நிற்கக்கூடாது என்று போப்பாண்டவர் வேண்டிக்கொள்கிறார். அனுமதி கொடுத்த வாசகத்தை எல்லாரும் படித்தார்கள். வேண்டுகோளைப் படித்தவர்கள் குறைவு. உத்தரவுக்கும் வேண்டுகோளுக்கும் உலகத்தில் என்றும் உள்ள வித்தியாசம் இது.

நொபிலி தம் வழியில் சுகபோகம் காணவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். 1623ல் மதுரையை விட்டுச் சேந்தமங்கலம், சேலம் என்று கால்நடையாக அலைந்தார். 1640ல் மதுரையில் சிறைப்பட்டார். அதே வருஷம், ஏழை ஜாதிகளோடு பழகுவதற்கென்று பண்டாரச் சுவாமிகள் என்ற இரண்டாவது வகைப் பாதிரிமார்களின் வரிசையைப் பல்தசார் தா கொஸ்தா தொடங்கி வைத்தார். நல்ல ஏற்பாடுதான். ஆனால் பிராமண சந்நியாசியாக இருந்த பாதிரியாரும் பண்டாரமாக இருந்த பாதிரியாரும் ஊர் பார்க்க ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட முடியாது. வந்தவர்கள் மதுரையை மாற்றினார்களோ என்னவோ, மதுரை அவர்களை மாற்றிவிட்டது. கண்பார்வை மங்கிய கிழவராக மயிலாப்பூரில் குடிசையில் வாழ்ந்து, 1656ஆம் ஆண்டு ஜனவரி 16ந் தேதி நொபிலி காலமானார்.

அவருக்குப் பின் வந்தவர்களின் பெயர்களைத் தமிழ்நாடு அறியும். பண்டாரச் சுவாமியாக வந்த அருளானந்தர் 1693ல் ஓரியூரில் வெட்டுண்டு மாண்டார். வீரமாமுனிவரும் இந்த மதுரை மிஷனைச் சேர்ந்தவர்தான். இவர்கள் வருஷந்தோறும் ஐரோப்பாவுக்கு எழுதிய கடிதங்கள் இல்லையென்றால் நம் நாயக்கர் சரித்திரத்தில் பாதி இருட்டாகத்தான் இருக்கும். மைசூர்ப் படை மூக்கறுத்த கதையைக் கூட அவர்கள் கடிதத்திலிருந்துதான் விவரமாக அறிகிறோம்.

ஆனால் பழைய வழக்கு ஓயவில்லை. போப்பின் தூதராகப் புதுச்சேரிக்கு வந்திருந்த தூர்னோன் 1704ல், தாழ்த்தப்பட்ட ஜாதிக் கிறிஸ்துவன் நோயாய்க் கிடந்தால் குருவானவர் அவன் குடிசைக்குள்ளே போய்த் திருவருட்சாதனம் கொடுக்க வேண்டும் என்று உத்தரவிட்டார். உத்தரவு போட வேண்டியிருந்தது என்றால், அதுவரை நடந்தது என்ன என்று நாம் ஊகித்துக்கொள்ளலாம். 1744ல் போப்பாண்டவர் பதினான்காம் ஆசீர்வாதப்பர் சடங்குத் தகராறுக்கு முற்றுப்புள்ளி வைத்தார். 1773ல் இயேசு சபையே கலைக்கப்பட்டது. மதுரை மிஷனின் முதல் அத்தியாயம் முடிந்தது.

இனி மதிலின் கதைக்கு வருவோம்.

1764ல் கான்சாகிப் கோட்டைக்குள் இருந்துகொண்டு கும்பினிப் படையை எதிர்த்து நின்றதுதான் அந்த மதில் கண்ட கடைசிப் பெரும் போர். அதன் பிறகு அதனால் பயன் இல்லை, தொல்லைதான். ஊர் உள்ளே நெருக்கிக்கொண்டு கிடந்தது. அகழித் தண்ணீர் அழுகிக் காய்ச்சல் பரவியது. 1834 முதல் 1847 வரை கலெக்டராக இருந்த பிளாக்பர்ன் துரை ஓர் உபாயம் செய்தார். மதிலை இடித்து அகழியைத் தூர்ப்பவர்களுக்கு அந்த நிலத்திலேயே மனை! கேட்க வேண்டுமா? முந்நூறு வருஷ மதில் ஒரு சில வருஷங்களில் மறைந்தது. வேலையை மேற்பார்த்த பெருமாள் மேஸ்திரி பெயராலும் அளந்து கொடுத்த மாரட் பெயராலும் தெருக்கள் உண்டாயின. நன்றியுள்ள மதுரைக்காரர்கள் பிளாக்பர்னுக்கு ஒரு விளக்குத்தூண் நாட்டினார்கள். துரையின் பெயரை மறந்துவிட்டாலும் விளக்குத்தூணை நாம் மறக்கவில்லை. பெரியார் பஸ் நிலையத்தின் அருகே மேலவாசலில் கோட்டையின் ஒரு துண்டு மட்டும் பார்க்கக் கிடைக்கிறது.

மதில் இடிந்த அதே தலைமுறையில்தான் இயேசு சபையும் மறுபடி மதுரை நாட்டுக்கு வந்தது. 1838ல் பெர்த்திராந்து முதலிய நான்கு பிரெஞ்சுக்காரர்கள் வந்தார்கள். காவி இல்லை, பாதக்குறடு இல்லை, ராஜகுல ஓலை இல்லை. வாந்திபேதிக்கும் வெயிலுக்கும் இளம் பாதிரிமார்கள் பலர் பலியானார்கள். பெர்த்திராந்து பழைய கடிதங்களைத் தேடித் திரட்டி நான்கு பாகங்களாக அச்சிட்டார். கோட்டைக்கு வெளியே என்று ஒதுங்கிக் கிடந்த கீழவாசல் மண்ணில் வியாகுல மாதாவுக்குக் கோயில் எழும்பிற்று. அதைச் சுற்றிப் பள்ளிக்கூடம், மடம், குடியிருப்பு என்று ஒரு பேட்டை வளர்ந்தது. 1938ல் மதுரை தனி மறைமாவட்டமாயிற்று. 1953ல் உயர் மறைமாவட்டமாயிற்று. 1967ல் ஜஸ்டின் திரவியம் என்ற தமிழரே பேராயரானார். 1960களில் ரோமாபுரியில் கூடிய பொதுச்சங்கத்துக்குப் பிறகு லத்தீன் போய்ப் பீடத்திலும் தமிழ் ஒலிக்கத் தொடங்கியது. நொபிலி தேடிப் பொறுக்கிய சொற்கள் பீடம் ஏற 350 வருஷம் பிடித்திருக்கிறது!

இதை எல்லாம் கோயில் வாசலில் பெரியவரிடம் ஒரு மாதிரியாகச் சொல்லி முடித்தேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"கல்லு மதிலை இடிக்கிறதுக்கு மனை தர்றேன்னு சொன்னாரு துரை. சனம் ஓடி வந்து இடிச்சுது. எங்க பாட்டன் ஊருக் கோயில்லே ஒரு மதில் இருந்துச்சு தம்பி. கல்லு இல்லே. தரையிலே ஒரு கோடு. அதுக்கு அந்தப் பக்கம் அவங்க, இந்தப் பக்கம் நாங்க. அதை அழிக்கிறதுக்கு யாரு மனை தருவாங்க?"

நான் பதில் சொல்லவில்லை. கோடு என்ன, உண்மையான மதிலே எழுந்த கோயிலும் உண்டு. திருநெல்வேலிச் சீமை வடக்கன்குளத்தில் 1872ல் கட்டிய கோயில் கால்சட்டை போல இரண்டு கிளைகளாகப் பிரிந்திருந்தது. வேளாளர் ஒரு பக்கம், நாடார் முதலியோர் மறு பக்கம், நடுவிலே சுவர். இரண்டு பக்கத்தாருக்கும் பீடம் தெரியும். ஒருவருக்கு ஒருவர் முகம் தெரியாது. 1910ல் பாதிரிமார்கள் அந்தச் சுவரை இடித்தார்கள். இடித்தது தவறு என்று கோர்ட்டுக்குப் போனார்கள்! வழக்குத் தோற்றது, சுவர் மறுபடி எழவில்லை. மதுரைக் கோட்டை மதிலை இடித்ததற்காக யாரும் வழக்குத் தொடுத்ததாக நான் படித்ததில்லை.

நொபிலியைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்த எனக்கு மனம் வரவில்லை. மதிலை அவர் கட்டவில்லை. அவர் வருவதற்கு முன்பே அது இங்கே இருந்தது. உள்ளே போக வேண்டும் என்று ஆசைப்பட்டார். உள்ளே போகும் வாசல் ஒன்றுதான் அவருக்குத் தெரிந்தது. அதில் நுழைந்ததும் கதவு பின்னால் சாத்திக்கொண்டது. பெர்னாண்டஸுக்கு வாசலே தெரியவில்லை, வெளியிலேயே இருந்துவிட்டார். ஆனால் வெளியில் நின்றவர்களோடு இருந்தார். இருவரில் யார் செய்தது சரி என்று கேட்டால், தமிழ் எழுதுகிறவனாகிய என் கை நொபிலியைக் காட்டுகிறது. மனம் கிழவரின் மருந்துப் பெட்டிப் பக்கம் போய் நிற்கிறது.

இருட்டும் வேளைக்குக் கோயில் மணி அடித்தது. வேலை விட்டு வரும் பெண்கள், பள்ளிச் சீருடைப் பிள்ளைகள், பூக்காரி, சைக்கிளைச் சாத்திவிட்டு வந்த ஒரு தொழிலாளி என்று பலரும் ஒரே வாசலால் உள்ளே போனார்கள். பெரியவரும் கம்பை ஊன்றிக்கொண்டு எழுந்தார்.

"வீடு கிடைக்கலேன்னு வருத்தப்படாதீங்க தம்பி" என்றார். "உள்ளே வாங்க. எந்தப் பக்கம் வேணும்னாலும் உட்காரலாம்."

இதைச் சொல்லும்போது அவர் குரலில் இருந்த பெருமிதத்தை நான் எந்த நாவலிலும் எழுதிவிட முடியாது. நான் வேறு மதத்தவன். இருந்தாலும் உள்ளே போய், அவர் பக்கத்திலேயே சிறிது நேரம் உட்கார்ந்திருந்துவிட்டு வந்தேன்.